ரெண்டு கோட்டுக்கு நடுவுல x − 5

காலைல ஆறரைக்கு அணைக்கட்டு ஸ்டாப்புல கம்பெனி பஸ் ஏறினா, முதல்ல மூக்குல ஏறுறது மல்லிப்பூவும் ஷூ ஒட்டுற பசையும் கலந்த வாசனை... எங்க எல்லார் துணியிலயும் அந்தப் பசை வாசனை இருக்கும். தோச்சாலும் போகாது.

அப்போ எனக்கு இருபத்திரண்டு வயசு. ஆம்பூர்கிட்ட ஒரு ஷூ கம்பெனில தையல் மிஷின்ல இருந்தேன். பத்தாவதுல மேத்ஸ் மட்டும் போச்சு... அதோட படிப்பு நின்னுடுச்சு.

சூப்பர்வைசர் ஆகணும்னா பத்தாவது பாஸ் பண்ணியிருக்கணும்னு சொல்லிட்டாங்க. சரின்னு ப்ரைவேட்டா எழுத அப்ளை பண்ணிட்டேன்.

பஸ்ல என் பக்கத்து சீட் ஸ்டெல்லா. என் வயசுதான், என் லைன்லயேதான் வேலை. ப்ளஸ் டூ முடிச்சவ. போக வர பஸ்லயே கணக்கு போடுவோம். பஸ் ஆடுற ஆட்டத்துல நான் எழுதின x எல்லாம் y மாதிரி இருக்கும்.

வர்க்கமூலம் வந்தப்போதான் சண்டை.

√(x² − 10x + 25)

உள்ள இருக்கறது x − 5-ஓட வர்க்கம். அப்போ விடை x − 5. இவ்ளோ ஈஸியான்னு நிமிந்து பாத்தேன். ஸ்டெல்லா பேனாவ வாங்கி, என் விடைக்கு ரெண்டு பக்கமும் நேர்கோடு போட்டா.

|x − 5|

மாடுலஸாம். இன்னாத்துக்குன்னு கேட்டேன்.

"ஏன்னு கேக்காதடி. போட்டாதான் மார்க்."

எனக்கு சுர்ருனு ஏறிடுச்சு. ஸ்கூல்லயும் இதையேதான் சொன்னாங்க. புரியாம போட்டுப் போட்டுதான் நான் பெயிலானதே. நோட்ட மூடிட்டேன். ரெண்டு நாள் பேச்சே இல்ல... ஒரே சீட்டுல ஆளுக்கொரு பக்கம் பாத்துக்கிட்டு போனோம். ரொம்ப பேஜாரா இருந்துச்சு.

மூணாவது நாள், கை பாட்டுக்கு மிஷின ஓட்டுது, மனசு அந்தக் கணக்குலயே நிக்குது. ஒரு நம்பர் வச்சுதான் பாப்போமேன்னு x-க்கு 2 வச்சேன். 4-ல 20 போயி, 25 கூட்டினா ஒன்பது. ஒன்பதுக்கு ரூட் போட்டா மூணு. ஆனா என் விடைல 2 வச்சா... மைனஸ் மூணு!

ரூட் குறி போட்டா மைனஸ் வரவே கூடாதே. அந்த மைனஸ எடுக்கறதுக்குத்தான் அந்த ரெண்டு கோடும்.

லஞ்ச் பெல் அடிச்சதும் கேன்டீனுக்கு ஓடினேன். பேச்சு இல்லைங்கறதே மறந்துபோச்சு. ஸ்டெல்லாவ டிபன் பாக்ஸ திறக்க விடாம மூச்சு முட்ட சொன்னேன். அவ முழுசா கேட்டுட்டு, டிபன் பாக்ஸ திறந்து ஒரு வாய் சாப்பிட்டா.

"எனக்கும் தெரியாதுடி. மனப்பாடம் பண்ணிதான் வச்சிருந்தேன். நீ கேட்டதும் பதில் வரல... அதான் அப்டி சொல்லிட்டேன்."

அப்புறம் ரெண்டு பேருக்கும் சிரிப்பு தாங்கல. அவளுக்குப் புரையேறி, பக்கத்து டேபிள்லேர்ந்து தண்ணி கொடுத்தாங்க.

மேத்ஸ்ல அறுபத்தெட்டு வாங்கினேன். ரிசல்ட் வந்த அன்னிக்கு பஸ் முழுக்க மைசூர்பாக் கொடுத்தது நான் இல்ல... ஸ்டெல்லா.

இப்போ அவ கல்யாணமாகி ஓசூர்ல இருக்கா. நான் லைன் சூப்பர்வைசர். பஸ்ல எல்லார் காதுலயும் இயர்போன், பேச்சு கம்மி. ஒரு பொண்ணு ப்ளஸ் டூ ப்ரைவேட்டா எழுதுறா. கணக்க போட்டோ எடுத்தா போன்லயே ஸ்டெப்போட விடை வந்துடுது. நல்லதுதான்... எங்களுக்கு அது இருந்திருந்தா எவ்ளோ சீக்கிரம் முடிச்சிருப்போம்.

நேத்து அந்தப் பொண்ணு பக்கத்துல போய் உக்காந்தேன். போன்ல ஒரு ஸ்டெப்ப காட்டி, இது ஏன்க்கா வருதுன்னு கேட்டா.

எனக்குத் தெரியலன்னு சொன்னேன். அவ ஒரு பக்க இயர்போன கழட்டினா... ரெண்டு பேரும் அதையே பாத்துக்கிட்டு இருந்தோம். ஆம்பூர் வந்ததே தெரியல.