உப்புக் கிணறு

மோட்டார் பழுதானதால் இன்று மத்தியானம் என் கணவர் கிணற்றில் வாளியைப் போட்டார். அது தண்ணீரில் விழுந்த சத்தத்தில் நான் கைவேலையை நிறுத்தினேன். சுனாமிக்குப் பிறகு, இலங்கையின் கிழக்குக் கரையில் எங்கள் ஊரான சாய்ந்தமருதில், பக்கத்து வீட்டு வளவிலிருந்து நாள் முழுக்கக் கேட்ட சத்தம் அது. அப்போது எனக்கு எட்டு வயது.

அந்த வீட்டு ஆசியா மாமியின் ஒரே மகனைக் கடல் கொண்டுபோனது. அடக்கம் செய்ய மையித்துக்கூடக் கிடைக்கவில்லை. அவரது கிணற்றில் உப்புத்தண்ணீர்தான் மிஞ்சியது. மாமி யாரோடும் கதைக்காமல் அதை அள்ளி அள்ளி வெளியே ஊற்றினார். ஒவ்வொரு வாளிக்குப் பிறகும் குனிந்து கிணற்றுக்குள் காது கொடுப்பார்.

"உள்ளுக்கு ஆரு மாமி?" என்று ஒருநாள் வேலிக்கு மேலால் கேட்டேன்.

"அள்ளக்குள்ள அவன்ட மூச்சுச் சத்தம் கேக்குது மகள். நிப்பாட்டினா கேக்குதில்ல."

நான் வீட்டுக்குள் ஓடிவிட்டேன்.

பல மாதங்களுக்குப் பிறகு ஒரு காலை, மாமி என்னைக் கூப்பிட்டு வாளித் தண்ணீரை என் கையில் ஊற்றினார். குடித்தேன். கொஞ்சமும் உப்புக் கரிக்கவில்லை.

"நல்ல தண்ணி மாமி!"

மாமியின் முகம் வெளிறியது.

"அப்ப இனி அள்ளத் தேவல்லியா?"

மாமி வாளியைக் கவிழ்த்து வைத்தார்.

மறுநாள் காலை பக்கத்து வளவில் ஒரு சத்தமும் இல்லை. உம்மாவும் நானும் பயந்துபோய் வேலியருகே நின்று பார்த்தோம். மாமி கடற்கரைப் பக்கமிருந்து இடுப்பில் குடத்தோடு வந்தார். குடத்திலிருந்த கடல்தண்ணீரைக் கிணற்றுக்குள் மெதுவாகக் கவிழ்த்தார். மறுபடியும் கடலை நோக்கி நடந்தார்.

நான் கூப்பிட வாயெடுத்தேன். உம்மா என் வாயைப் பொத்தினார்.

"சும்மா இரி புள்ள. அவ வேலையச் செய்யட்டும்."