என்னோடு சபையில் சேர்ந்தவள்

நாங்கள் இருவரும் ஒரே நாளில்தான் கன்னியர் மடத்தில் சேர்ந்தோம். என் ஊர் கடற்கரை. அப்பா மீன்பிடிக்கப் போகிறவர். அவளுக்குத் திசையன்விளைப் பக்கம், முருங்கைத் தோட்டம் வைத்திருந்த வீடு. எனக்கு எந்த வேலையும் செய்ய வரும், பாட்டு மட்டும் வராது. அவள் நன்றாகப் பாடுவாள், சோறு வடிக்கத் தெரியாது. குசினியில் அவள் முறை வந்தால் நான் போய் அடுப்பருகே நிற்பேன். பூசையில் அவள் என் பக்கத்தில் நின்று என் குரலையும் சேர்த்து மூடிவிடுவாள்.

கன்னியராக வாழ்வோம் என்று ஆண்டவருக்கு முதல் வார்த்தைப்பாடு கொடுத்தபின் இருவரையும் நர்சிங் படிக்க அனுப்பினார்கள். தொண்ணூறுகளின் தொடக்கத்தில் இறுதி வார்த்தைப்பாட்டுக்குத் தயாரானோம். அதைக் கொடுத்துவிட்டால் ஆயுசுக்கும் சபைதான். இன்னும் ஒரு மாதம் இருக்கையில், தாமிரபரணிப் படித்துறையில் துணி அலசிக்கொண்டிருந்தபோது அவள் சொன்னாள்.

"ஏட்டி, நான் வீட்டுக்குப் போறேன்."

"மதர்கிட்ட லீவு கேட்டுட்டியா?"

"லீவுக்கு இல்ல. ஒரேயடியாப் போறேன்."

பிழிந்த துணியை மறுபடியும் தண்ணீரில் போட்டேன். "வீட்டுல எதுவும் பிரச்சினையா?"

"ஒண்ணுமில்ல. ரெண்டு வருசமா ஜெபத்துல இதத்தான் கேக்கேன். இது எனக்கான இடம் இல்லன்னு தெரிஞ்சுபோச்சு."

"கடைசி வரைக்கும் சேந்து இருப்போம்னு பேசுனோமே, அது?"

அவள் என்னை நிதானமாகப் பார்த்தாள். "நீ எனக்காகவாட்டி வார்த்தைப்பாடு கொடுக்கப் போற?"

அவள் கோபமாகக் கேட்கவில்லை. இருந்தும் அதற்குப்பின் நான் அவளோடு பேசவில்லை. அவள் அப்பா வந்து கூட்டிப்போன காலையில் கோயிலுக்குள் போய், கூட்டிய இடத்தையே திரும்பவும் கூட்டிக்கொண்டிருந்தேன். வாசலுக்குப் போகவில்லை.

ஆண்டவருக்குத் துரோகம் செய்துவிட்டாள் என்றுதான் முதலில் நினைத்தேன். நாள் போகப் போக, என்னைத் தனியாக விட்டுவிட்டாள் என்பதுதான் வலித்தது என்று புரிந்தது. அவள் கேட்ட கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை. பதில் தெரியாமல் பீடத்தின் முன் போய் நிற்கப் பயமாக இருந்தது. மதரிடம் போய், "எனக்கு இன்னும் ஒரு வருசம் தாங்க" என்றேன். அவர் ஏன் என்று கேட்கவில்லை; சரி என்றார்.

அந்த வருடம் ஆழ்வார்குறிச்சிக்குப் பக்கத்தில் எங்கள் சபை நடத்திய முதியோர் இல்லத்துக்கு அனுப்பப்பட்டேன். புண்ணுக்கு மருந்து வைப்பது, படுக்கை மாற்றுவது, கஞ்சி ஊட்டுவது. எப்போது என்று சொல்லத் தெரியவில்லை, ஒருநாள் காலையில் வேலைக்குக் கிளம்பும்போது, இங்கே இருக்க எனக்குப் பிடித்திருக்கிறது என்று தோன்றியது. அவளை நினைக்காமலே தோன்றியது. வருடம் முடிந்ததும் இறுதி வார்த்தைப்பாடு கொடுத்தேன். அவளுக்குச் சொல்லவில்லை.

அதற்கடுத்த மழைக்காலத்தில் இல்லத்தில் வயிற்றுப்போக்கு பரவியது. நான்கு சிஸ்டர்களில் என்னையும் சேர்த்து மூன்று பேர் படுத்துவிட்டோம். எழுந்து நடமாடிய ஒரே சிஸ்டர் என்னிடம் வந்து, "யாரையாவது கூப்பிடணுமே, யாரைக் கூப்பிட?" என்றார். அவள் பாளையங்கோட்டை ஆஸ்பத்திரி ஒன்றில் நர்சாக இருப்பதும், கல்யாணமாகிவிட்டதும் எனக்குத் தெரியும். அவள் பெயரைச் சொன்னேன்.

அன்று மதியமே பஸ்ஸில் வந்து இறங்கினாள். கட்டிலருகே அவளைப் பார்த்ததும் எனக்கு அழுகை வந்தது.

"அன்னைக்கு நான் வாசலுக்குக்கூட வரல..."

"பேசாமக் கெட. மொதல்ல இந்தத் தண்ணியப் பைய குடி" என்று உப்பும் சீனியும் கரைத்த டம்ளரை என் வாயில் வைத்தாள்.

பதினோரு நாள் இருந்தாள். அசிங்கமான துணிகளை அவளே கொதிக்கவைத்துத் துவைத்தாள். யார் ஊட்டினாலும் துப்பிவிடுகிற பெரியவர் ஒருவர் அவள் கையால் சாப்பிட்டார். அவள் கிளம்புகிற அன்று அவர் அவளிடம், "நீங்க எந்த மடத்துச் சிஸ்டர்?" என்று கேட்டார்.

"நான் சிஸ்டர் இல்ல ஐயா. இந்தச் சிஸ்டருக்குச் சேக்காளி" என்று என்னைக் காட்டினாள்.

பிறகு ஒவ்வொரு மழைக்காலத்திலும் ஒரு வாரம் லீவு போட்டுவிட்டு வந்தாள். முதல் பிள்ளை பிறந்த வருடம் மட்டும் வர முடியவில்லை. அந்த வருடம் நான் போய்ப் பார்த்துவிட்டு வந்தேன்.