விசிறி பிடித்த கை

தொண்ணூறுகளில் ரொறன்ரோவில் என் கறுப்பினத் தோழி எடுத்த படத்துக்கு நான் உதவிக்கு இருந்தேன். அடிமைகளின் பழைய புகைப்படங்களில் இமைகளைக் கொஞ்சம் கொஞ்சமாக மாற்றி வரைந்து, ஒவ்வொன்றாகப் படம்பிடித்தோம். திரையில் ஒரு கிழவி கண்திறந்து பார்த்தபோது, பக்கத்தில் இருந்த என் பெரியப்பா அழுதுவிட்டார்.

"வெள்ளைக்காரன் செய்த அநியாயத்தைப் பார்" என்றார்.

தோழியை ஸ்காபரோ வீட்டுக்குத் தேத்தண்ணிக்கு அழைத்ததும் அவர்தான். சுவரில் யாழ்ப்பாணத்திலிருந்து காப்பாற்றிக் கொண்டுவந்த பூட்டனின் படம். கதிரையில் உட்கார்ந்திருக்கும் பூட்டன், பின்னால் வெறும் மேலோடு, விசிறி பிடித்தபடி ஒருவன்.

அவன் யார் என்று தோழி கேட்டாள். நான் மொழிபெயர்த்தேன்.

"அவன் எங்கட அடிமை குடிமை ஆள். பேர் தெரியாது."

அவனை அசைய வைக்கலாமா என்று கேட்டாள்.

"அவனை ஏன்? கதிரையில இருக்கிற அப்புவைச் சிரிக்க வைக்கச் சொல்லு."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அவர் சொன்னதை நான் மொழிபெயர்க்கவில்லை. தோழி படத்தின் கண்ணாடியில் விரலை வைத்துக் காட்டினாள். படத்தில் பூட்டனின் மீசை மயிர்கூடத் தெளிவாக இருந்தது. விசிறி பிடித்த கை மட்டும் அசைவில் கலங்கியிருந்தது. படம் எடுக்கும் அந்த நேரத்திலும் அவனை நிறுத்தச் சொல்ல ஒருவருக்கும் தோன்றவில்லை.