அஞ்சாம் பாரம் மாறிப்போனது

பைண்டிங் வேலையில் எங்களுக்குப் புத்தகம் என்றால் பக்கத்தின் கீழே இருக்கிற நம்பர்தான். உள்ளே என்ன இருக்கிறது என்று பார்த்தால் அன்றைய மடிப்பு முடியாது. அஞ்சாம் வகுப்போடு நின்ற எனக்கு அது வசதிதான். பசை காய்ந்த விரலோடு பிள்ளைக்குச் சோறூட்டுகிற அக்கா தங்கச்சிகளே, உங்களுக்குச் சொன்னால் புரியும்.

ரெண்டு கட்டு

ராஜபாளையத்தில் எங்கள் கடைக்கு மடவார் வளாகத்தில் குடியிருக்கிற, ரிட்டயர்டான சார் ஒருவர் வந்தார். அவர் எழுதிய ரெண்டு புத்தகத்தின் அச்சடித்த தாளை ரெண்டு கட்டாகக் கொண்டுவந்தார், ஒரே அளவு. ஒன்று, தின்ற சோறு உடம்பில் எப்படிச் சூடாகவும் சதையாகவும் மாறுகிறது என்று. இன்னொன்று, அந்தக் காலத்துப் பென்சன் பதிவேடுகளைப் பற்றி. அவர் மேல் சட்டை, ஆணியில் மாட்டினது போலத் தொங்கியது. வயிற்றில் கட்டியாம். நான் குனிந்து தாளை மடித்தேன். அவரே சொன்னார்: "சோறு எங்க போகுதுன்னு முன்னூறு பக்கம் எழுதிட்டேன் தாயி. நான் திங்கிறது எங்க போகுதுன்னுதான் தெரியல."

அடுத்த வாரம்

கண்ணை மூடுவதற்குள் புத்தகத்தைக் கையில் வாங்கிவிட வேண்டும், அவ்வளவுதான் அவருக்கு. முதலில் பஸ் ஏறி வந்து கேட்டார். பொறவு போன் மட்டும் வந்தது. முதலாளி எப்போதும் "அடுத்த வாரம் சார்" என்பார். ஒருநாள் சாரின் குரல் ஸ்பீக்கரில் கேட்டது: "உசுரோட இருக்கேன்னு பென்சனுக்காக வருசா வருசம் டிரஷரியில கைரேகை வச்சிட்டு வாரேன். உங்க கடையிலயும் வைக்கணுமாய்யா?"

அஞ்சாம் பாரம்

பதினாறு பக்கம் சேர்ந்த மடிப்பைப் பாரம் என்போம். வரிசையாக அடுக்கித் தைத்து அட்டை ஒட்டணும். அன்றைக்கு என் பிள்ளைக்குக் காய்ச்சல். அஞ்சு என்ற நம்பரை மட்டும் பார்த்து, சோற்றுப் புத்தகத்துப் பாரத்தைப் பென்சன் புத்தகத்திலும் பென்சன் பாரத்தைச் சோற்றுப் புத்தகத்திலும் அடுக்கிவிட்டேன். அட்டை ஒட்டி, ஓரம் வெட்டி முடிந்த பிறகு, கூட வேலை பார்க்கும் மம்சாபுரம் செல்வி அக்கா புரட்டினாள். பட்டினி கிடந்தால் உடம்பு தன் சதையையே எடுத்துத் தின்னும் என்ற பக்கத்துக்கு அடுத்து, பென்சன் நின்றுபோன விதவைகளின் பேர் வரிசையாக நின்றது. அக்கா சொன்னாள்: "ஏட்டி, அம்புட்டையும் பிரிச்சுத் தைக்கணுமே, அதுவரைக்கும் அந்த மனுசன் இருப்பாரா? ஒண்ணைத் தப்போடயே கொண்டுபோய்க் குடுத்துட்டு வா."

மூணு நாள்

போகவில்லை. அவர் முகத்தைப் பார்த்து "நான்தான் மாத்தி வச்சேன்" என்று சொல்ல வாய் வராது எனக்கு. அட்டையைக் கிழித்து, பசையைச் சுரண்டி, திரும்பத் தைக்க மூணு நாள் ஆனது. சரியான புத்தகம் ரெண்டையும் எடுத்துக்கொண்டு நானே பஸ் ஏறினேன். வாசலில் துக்கப் பந்தல் போட்டிருந்தது. சாரோட வீட்டம்மா கூடத்தில் உட்கார்ந்திருந்தார்கள், அவர்களிடம் எல்லாவற்றையும் அப்போதுதான் சொன்னேன். புத்தகத்தை மடியில் வைத்துத் தடவிக்கொண்டே கேட்டார்கள்: "அந்தத் தப்பானதையே குடுத்திருக்கலாமேம்மா, அவிய எழுதினது எந்தப் பக்கம்னு அவியளுக்குத் தெரியாதா?"

இப்போதெல்லாம் நம்பரோடு முதல் வரியையும் எழுத்துக்கூட்டிப் படித்த பிறகுதான் அடுக்குகிறேன், என் கை மெதுவாகிப் போச்சு என்று முதலாளி சொல்லிக்கொண்டிருக்கிறார்.