காக்கை தலையில் தட்டிய வாரம்

கந்தர்வக்கோட்டை வட்டாரத்தில் யார் செத்தாலும் அதை ஊருக்குச் சொல்வது என் குரல்தான். மைக் சிவசாமி என்றால் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். படித்தது மூன்றாம் வகுப்பு. ஆட்டோ உச்சியில் ஒலிபெருக்கிக் குழாயைக் கட்டிக்கொண்டு நாற்பது வருஷம் பேசினேன். இந்த வாயை வைத்தே வீடு கட்டினேன், இரண்டு பெண்களைக் கட்டிக்கொடுத்தேன். எனக்கு வாத்தியார் யாரும் கிடையாது. நானாகக் கண்ட பாடம் ஒன்றுண்டு: எதையும் நடுங்காமல் சொல், பொய்கூட நிமிர்ந்து நிற்கும்.

போன புரட்டாசியில் ஒரு புதன்கிழமை, பட்டப்பகலில் காக்கை ஒன்று என் தலையில் தட்டிவிட்டுப் போனது. வீட்டுக்காரி சொர்ணவல்லிக்கு முகம் வெளுத்துவிட்டது. காக்கை தட்டினால் எமன் தட்டிய மாதிரி. தட்டுப்பட்டவன் செத்துவிட்டதாக உறவுக்குப் பொய்த்தகவல் அனுப்ப வேண்டும். கேட்டவர் கண்ணீர் விட்டால் தோஷம் கழியும். எங்கள் பக்கத்து வழக்கம் அது.

"குளத்தூருக்குப் போன் போடுறேங்க. ஒங்க தங்கச்சி அழுதாப் போதும்."

"நீ சொன்னா அவ சிரிப்பா. எஞ்சாவ என்னைவிட எவன்டி நல்லாச் சொல்லுவான்?"

செல்போனில் நானே பேசிப் பதிந்தேன். 'மைக் சிவசாமி அவர்கள் இயற்கை எய்திவிட்டார். அன்னாரின் இறுதி ஊர்வலம் வெள்ளிக்கிழமை மாலை நான்கு மணிக்கு...' கிழமையும் நேரமும் அந்த நிமிஷம் வாயில் வந்தவை. தங்கச்சி செங்கமலத்துக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பினேன்.

உடனே அவளே கூப்பிட்டாள். அழவில்லை.

"என்னண்ணே வெளையாட்டு? நேத்தே இதை எங்க தெருவுல ஆட்டோவுல சொல்லிக்கிட்டுப் போச்சே! ஒங்கொரலுதான். வெள்ளிக்கிழமை நாலு மணின்னு. அழுது ஓஞ்சுதான் வசந்துக்குப் போன் போட்டேன். நீ கடையில பரோட்டா திங்கிறேன்னான்."

வசந்த் என் ஆட்டோவை ஓட்டுகிறவன். முந்தின நாள் எங்கள் ஆட்டோ குளத்தூர்ப் பக்கமே போகவில்லை. முந்தின நாள் நான் இதைப் பேசியிருக்கவும் இல்லை.

சொர்ணவல்லி மெதுவாகக் கேட்டாள்: "முன்னாடியே அழுத கண்ணீரு இதுல சேருமாங்க?"

"தெரியாது" என்றேன். அப்படிச் சொல்வதே எனக்குப் புதிது.

வெள்ளிக்கிழமை வீட்டில் சுருண்டு கிடக்க நான் ஆளில்லை. மூன்றரைக்கெல்லாம் ஆட்டோவைத் தங்கச்சி தெருவுக்கே விடச்சொன்னேன். முந்திரிக் கன்று விற்பனை விளம்பரம். நான்கு மணி அடிக்கும்போது தொண்டை கிழியப் பேசிக்கொண்டிருந்தேன். நடுவில் நாலைந்து தரம் இருமல் வேறு. பெண்கள் வாசலுக்கு வந்து நின்றார்கள். ஒருத்தியும் கன்று விலை கேட்கவில்லை. என்னைப் பார்க்கவுமில்லை. தலைக்கு மேலிருந்த குழாயையே பார்த்தார்கள்.

"நிறுத்தாதண்ணே, பேசு" என்றாள் செங்கமலம்.

ஐந்து மணி வரை பேசி நிறுத்தினேன். உயிரோடுதான் இருந்தேன்.

"பாத்தியா? எம் மைக்குக்கு முன்னால எமனே நிக்க மாட்டான்!"

அவள் சிரிக்கவில்லை. "அன்னைக்குக் கேட்டதுல இருமல் இல்லண்ணே. நான் கல்யாணமாகி வந்தப்ப ஒனக்கிருந்த கொரலு அது."

மறுநாள் காலையில் ஒரு சாவு அறிவிப்புக்குச் சீட்டோடு வந்தான் வசந்த். எந்தத் தெரு, எத்தனை மணி என்றுதான் இத்தனை வருஷமும் முதலில் கேட்பேன். அன்று சட்டையைக் கையில் பிடித்தபடியே நின்றேன்.

"பேரை வாசிடா மொதல்ல" என்றேன்.