உயிரோடிருந்தவருக்கு ஒரு கண்ணீர் அஞ்சலி

மாஞ்சோலையில் இரண்டு நாள் படப்பிடிப்புக்கு இடம் பார்த்துவிட்டு மலைச்சாலையில் இறங்கிக்கொண்டிருந்தோம். தேயிலைத் தோட்டத் தொழிலாளர்கள் காலி செய்துபோன வீடுகளைப் பற்றி எங்கள் சீன இயக்குநர் வாய் ஓயாமல் பேசிக்கொண்டு வந்தார். மணிமுத்தாறு வந்ததும் என் போனுக்கு சிக்னல் கிடைத்தது. செய்திகள் மளமளவென்று விழுந்தன. 'அப்பாவின் ஆன்மா இளைப்பாறட்டும்' என்பது முதலாவது. அதற்குக் கீழேயும் எல்லாம் அதுவேதான்.

அப்பாவுக்குப் போன் போட்டேன். மணி அடித்துக்கொண்டே இருந்தது. அம்மா போன பிறகு சேரன்மகாதேவி வீட்டில் அவர் தனியாகத்தான் இருந்தார். சீக்கிரம் போகச் சொல்லி டிரைவரிடம் கத்தினேன். அவர் புரியாமல் விழித்தபடி திரும்பிப் பார்த்தபோதுதான் சீனத்தில் கத்தியிருக்கிறேன் என்று தெரிந்தது.

அப்பாவுக்கும் எனக்கும் நடுவே ஒரு பொய் இருந்தது. டாக்டருக்குப் படிக்க என்னைச் சீனாவுக்கு அனுப்பியவர் அவர். இரண்டாம் வருஷம் ஒரு படப்பிடிப்பில் மொழிபெயர்க்கக் கூப்பிட்டார்கள். போனவள் கல்லூரிக்குத் திரும்பவே இல்லை. எடுபிடி வேலையில் தொடங்கி, கால்ஷீட் பார்த்து, இன்று சீனப் படங்களுக்குத் தயாரிப்பாளர். கேமராவுக்குச் சிவப்புத் துணி போர்த்தி, ஊதுபத்தி ஏந்திக் கும்பிட்டுத்தான் அங்கே படம் தொடங்குவார்கள். பாளையங்கோட்டை சர்ச்சில் வேத வசனம் ஒப்பித்துப் பரிசு வாங்கிய நான் முன்வரிசையில் நின்று கும்பிடுவேன். அப்பாவுக்கு இதெல்லாம் தெரியும்; ஊருக்கு மட்டும் நான் டாக்டர். சினிமாக்காரர்களோடு வருகிறேன் என்றதும் அப்பா அதற்கும் ஒன்று தயாராக வைத்திருந்தார்: அவர்களுக்கு வைத்தியம் பார்க்க வந்திருக்கிறேனாம். பொய் சொன்ன பிள்ளைகளுக்குப் பிரம்பெடுத்த தலைமையாசிரியர் அவர். எனக்கு ஆத்திரமாக வரும். ஆனாலும் வாயைத் திறக்கவில்லை.

சேரன்மகாதேவி பஸ் ஸ்டாண்டுச் சுவரில் அப்பா இருந்தார். கண்ணீர் அஞ்சலி போஸ்டர். பணி ஓய்வின்போது எடுத்த போட்டோ. வண்டியை நிறுத்தி இறங்கிப் போய்ப் பெயரைப் படித்தேன். அது எங்கள் படத்தில் செத்துப்போகிற மாமனாரின் பெயர். முகம் மட்டும் என் அப்பாவுடையது.

படத்துக்கு அப்படி ஒரு போஸ்டர் தேவைப்பட்டது உண்மைதான். கடைத்தெருவில் ஒரே ஒரு சுவரில் ஒட்டுவதாக ஏற்பாடு. ஒட்டப் போனவரிடம் சினிமா என்று யாரும் சொல்லவில்லை என்பது பிறகுதான் தெரிந்தது. கண்ணீர் அஞ்சலி என்றால் அவருக்கு ஒரே வழக்கம்: பஸ் ஸ்டாண்டு, சர்ச் வாசல், செத்தவர் தெரு. முகமோ ஊருக்கே தெரிந்த வாத்தியார் முகம். பெயரைக் கவனித்த ஒன்றிரண்டு பேரும் அச்சகத்தில் தப்பாக அடித்துவிட்டான் என்று திட்டிவிட்டு மாலை வாங்கப் போயிருக்கிறார்கள்.

வீடு பூட்டிக் கிடந்தது. வாசல் நிறையக் கூட்டம்; உடல் ஆஸ்பத்திரியிலிருந்து வரும் என்று காத்திருந்தார்கள். வேனிலிருந்து ஃப்ரீசர் பெட்டியை இறக்கிக்கொண்டிருந்தார்கள். அதைப் பார்த்ததும், சினிமாப் பெயரைப் படித்து வந்த கொஞ்ச தைரியமும் போய்விட்டது. முக்கூடலிலிருந்து வந்திருந்த அத்தை, அப்பாவின் தங்கை, என் தோளைப் பிடித்து உலுக்கினாள்.

"டாக்டருக்குப் படிச்சி என்னத்துக்குட்டி? ஊருல வந்து கெடந்தும் பெத்த அப்பனக் கைய விட்டுட்டியே."

சுற்றி நின்றவர்கள் ஆமாம் என்று தலையாட்டினார்கள்.

அப்போது தெருமுனையில் கூட்டம் விலகியது. ஆற்றில் குளித்துவிட்டு, பிழிந்த வேட்டியைத் தோளில் போட்டுக்கொண்டு, கையில் சோப்பு டப்பாவோடு அப்பா வந்தார். ஆற்றுக்குப் போகையில் போனை வீட்டில் வைத்துவிட்டுத்தான் போவார். ஒருத்தி கையிலிருந்த மாலையை நழுவவிட்டாள். அத்தை தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

அவர் பெட்டியைப் பார்த்தார், மாலைகளைப் பார்த்தார். அத்தை சொன்னது அவர் காதிலும் விழுந்திருந்தது. யாரும் கேட்கும் முன்பே பேச ஆரம்பித்தார். போஸ்டருக்குப் போட்டோ கேட்டால் ஊரில் ஒருவரும் தரவில்லையாம். யார் தருவார்கள்? எங்கள் குழுவின் சீனப் பெண் ஒருத்தி வீட்டு வாசலில் வந்து நின்றிருக்கிறாள். மகளிடம் சொல்லாதே என்று சைகை காட்டி இவர் எடுத்துக் கொடுத்துவிட்டார். செத்தவராக நடிப்பவர்களுக்குக் கெடுதல் அண்டாமலிருக்க சீனாவில் கொடுக்கிற, பணம் வைத்த சிவப்புக் கவரை அவள் இரண்டு கையாலும் நீட்டினாளாம்.

"போட்டோவ எதுக்கு அண்ணாச்சி குடுத்திய?" என்றாள் அத்தை.

"எம் மவ படம்லா. அவளக் கொற சொல்லாதிய. அவ டாக்டர் இல்ல. படிப்பப் பாதியில விட்டுட்டா. சீனாவுல சினிமா எடுக்கா. டாக்டர்னு ஊரு பூரா சொன்னது நாந்தான்."

அவர் செத்துவிட்டார் என்ற செய்திகூட என்னை இப்படி அடித்துப் போடவில்லை. பெட்டியை இறக்கியவர்கள் அதைப் பைய வேனில் ஏற்றினார்கள். மணிமுத்தாறிலிருந்து ஒரு சொட்டுக் கண்ணீர் வராமல் வந்த நான், ஊர் பார்க்க, உயிரோடு நின்ற அப்பாவைக் கட்டிக்கொண்டு ஒப்பாரி வைத்து அழுதேன்.