பெரியப்பா கதிரையிலிருந்து விழும் நாடகம்

எனக்குக் கோவையாக எழுத வராது. ஐந்தாம் வகுப்போடு நின்றவள்; மறதியும் கூடிவிட்டது. பொறுத்துக்கொள்ளுங்கள்.

நான் இப்போது இருக்கும் வெளிநாட்டு ஊரான அஜின்கோர்ட்டில், மகளுடைய வீட்டில், வெள்ளிக்கிழமைகளில் ஒரு ஸ்பானியத் தொடர் பார்ப்போம். ஒரு குடும்பத்தின் பகிடிக் கதை. கீழே ஓடும் இங்கிலீசு எழுத்தை மகள் எனக்கு வாசித்துச் சொல்லுவாள். முந்தி கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தோம். இப்போது நல்ல நடிகர்கள் விலகிவிட்டார்கள். சின்னப் பெடியனாக வந்தவனுக்குத் தாடி முளைத்துவிட்டது. அவனுக்கு இன்னும் அதே குழந்தைப் பகிடிதான். போன கிழமை மகள் சலித்துப்போனாள்.

"சரக்கு முடிஞ்சுது அம்மா. உவையள் ஏன் இன்னும் இழுக்கினம்?"

எனக்கு மாமாவின் நாடகம் ஞாபகம் வந்தது.

மாமா அம்மாவின் தமையன். எங்கள் தீவில் அந்தோனியார் கோயில் பெருநாள் முடிந்த பின்னேரம், வருடாவருடம் ஒரே குடும்பத்தை வைத்துப் புதுக் கதை போடுவார். அண்ணனாகப் பெரியப்பா, தம்பியாக அப்பா. உண்மையிலும் அவர்கள் அண்ணன் தம்பிதான். ஆனால் இரண்டு வீட்டுக்கும் பொதுவான பங்குக் கிணற்றால் சண்டை வந்து, பேச்சுவார்த்தை இல்லை. கிணற்றடியில் அப்பாவுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டே பெரியப்பா என்னிடம், "பிள்ளை, உன்ரை அப்பரிட்டைச் சொல்லு, வாளியை வைக்கட்டாம்" என்பார். அப்பாவும் என்னிடமே, "வைச்சாச்சு. கண் தெரியேல்லையாமோ எண்டு கேள்" என்பார்.

அவர்கள் நாடகத்தில் நடிப்பது அந்தோனியாருக்கு வைத்த நேர்த்திக்கடன். கோபத்துக்காக நேர்த்தியை விட முடியாது. அதனால் மேடையில் மட்டும், "தம்பி, சாப்பிட்டியே?" "ஓம் அண்ணை, நீங்கள்?"

முதல் வருடங்களில் சனம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. பிறகு, மனைவி வேடம் போட்ட கெட்டிக்காரர் கொழும்புக்குப் போய்விட்டார். அடுத்து வந்தவர் மீசையை எடுக்க மாட்டேன் என்றார். மாமாவுக்கும் கற்பனை வற்றியது. பெரியப்பா உட்கார்ந்திருக்கும் கதிரையிலிருந்து விழுவது ஒன்றுதான் மிச்சம். கடைசி முறை பின்னாலிருந்து ஒருவர் கத்தினார்: "பெரியவர், கெதியா விழுங்கோ, நாங்கள் வீட்டை போகவேணும்!" சனம் சிரித்தது அதற்கு மட்டும்தான்.

மாமா எங்கள் வீட்டில் வந்து சோர்ந்து உட்கார்ந்தார். "இனிக் காணும் தங்கச்சி, நிப்பாட்டுவம்."

அம்மா தேத்தண்ணீரை வைத்துவிட்டுக் கெஞ்சினார். "இன்னும் ஒருக்கா எழுதுங்கோ அண்ணை. பகிடி வராட்டிப் பரவாயில்லை. அவையள் ரெண்டுபேரும் கதைக்கிற இடத்தை மட்டும் கொஞ்சம் நீட்டிவிடுங்கோ."

நாடகத்திலேயே சப்பென்ற இடம் அதுதான். அம்மாவுக்கு நாடகம் பார்க்கத் தெரியாது என்று நினைத்தேன்.

மாமா எழுதித்தான் கோயிலுக்குக் கொண்டுபோனார். ஆனால் அடுத்த பெருநாளுக்கு மேடையை இளம் பெடியங்களுக்குக் கொடுத்துவிட்டார்கள். நேர்த்தியை மெழுகுதிரியாகச் செலுத்தலாம் என்று சுவாமியார் சொல்லிவிட்டார். அப்பாவும் பெரியப்பாவும் ஆளுக்கொரு மெழுகுதிரி கொளுத்திவிட்டு, ஆளுக்கொரு வாசலால் வெளியே வந்தார்கள். புது நாடகம் என்ற சந்தோசத்தில் நான் முன்வரிசைக்கு ஓடினேன். அம்மா ஏன் பார்க்க வரவில்லை என்று கேட்கவும் தோன்றவில்லை.

அதற்குப் பிறகு அவர்கள் இருவரும் பேசி நான் கேட்டதாக நினைவில்லை. எங்கள் ஊர்க்காரர் யாராவது இதை வாசித்தால் சரிபார்த்துவிடுங்கள். ஒரு வார்த்தையாவது பேசியதை நீங்கள் கண்டிருந்தால், நான் எழுதியதுதான் பிழை, திருத்திவிடுங்கள்.